வீசை வேறு, விசை வேறு: யாங்கோனுக்குப் புதிதாக வந்தவர்களுக்கு

போன வருஷம் மதுரைப் பக்கத்திலிருந்து யாங்கோனுக்கு வேலைக்கு வந்தான் என் அத்தை மகன். வந்த மூன்றாம் நாளே சந்தைக்குப் போய் ஆட்டுக்கறி வாங்கினான். பாதிக்கு பர்மிய மொழியில் 'தவெட்' என்று யாரோ சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள், அதை வைத்துக்கொண்டு "தவெட் கிலோ" என்று கேட்டிருக்கிறான். கறிக்கடைக்காரர் காதில் தவெட் மட்டும்தான் ஏறியிருக்கும். வீட்டுக்கு வந்து, அரைக் கிலோவுக்கு அநியாய விலை வாங்கிவிட்டார்கள் என்று அரை மணிநேரம் பொருமினான். சரி, என்னதான் வாங்கி வந்தாய் பார்ப்போம் என்று தராசில் போட்டால் முள் 800 கிராமைத் தாண்டி நிற்கிறது. கடைக்காரர் ஒரு தப்பும் செய்யவில்லை, இந்த ஊர் எடை அலகான வீசையில் பாதி கொடுத்திருக்கிறார், அவ்வளவுதான்.

நான் இங்கேயே பிறந்து வளர்ந்தவன், பருப்பு வியாபாரத்தில் இருபது வருஷமாக எடை போட்டே காலம் போகிறது. புதிதாக வருகிறவர்கள் எல்லோரும் இதே இடத்தில்தான் இடறுகிறார்கள் என்பதால் இதை எழுதுகிறேன். உலகம் முழுக்க மெட்ரிக் முறைக்குப் போன பிறகும் போகாமல் நிற்கும் நாடுகள் என்று அமெரிக்கா, லைபீரியாவோடு பர்மாவையும் சேர்த்துச் சொல்வார்கள். 2013-இல் வணிக அமைச்சகம் மெட்ரிக் முறைக்கு மாறப்போவதாக அறிவித்தது. பெட்ரோல் லிட்டரில் வருகிறது, மருந்து மில்லிகிராமில் வருகிறது, ஆனால் சந்தைக்குள் நுழைந்தால் இன்றைக்கும் வீசைதான்.

யாராவது ஒரு எண்ணைச் சொன்னால் உடனே பணத்தை எடுக்காதீர்கள். மனதுக்குள் மூன்று கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள்: இவர் அளப்பது கனத்தையா, இடத்தையா? எந்த அலகில் சொல்கிறார்? அந்த அலகு யாருடையது? மூன்றாவதுதான் ஆளைக் கவிழ்க்கும், ஏனென்றால் ஒரே பெயரில் இரண்டு அளவு உலவுகிறது.

முதலில் வீசை

பர்மியர் இதை 'பெய்த்தா' என்பார்கள். ஆங்கிலேயர் எழுதிவைத்த 'விஸ்' என்ற சொல் நம் தமிழ் வீசையிலிருந்து போனது. அதனால் ஊரில் தாத்தா பாட்டி வீசை சொல்லிக் கேட்டவர்களுக்கு இங்கே ஒரு கண்ணி இருக்கிறது. பழைய சென்னை வீசை 40 பலம், ஏறக்குறைய 1,400 கிராம். பர்மா வீசை 3.6 பவுண்டு, அதாவது 1,633 கிராம். பெயரை நம்பி ஊர்க் கணக்கைப் போட்டால் ஒவ்வொரு வீசைக்கும் 200 கிராமுக்கு மேல் பிசகும்.

பர்மா வீசைக்கு நூறு பங்கு. ஒரு பங்குக்கு 'ஜத்தா' என்று பெயர், 16.33 கிராம். நாம் கியாட் என்று எழுதும் பணத்தின் பெயரும் இதே சொல்தான், ஒரு காலத்தில் வெள்ளிக்காசின் எடையே காசின் பெயராக இருந்தது, நம்மூரில் ரூபாய் எடை என்று சொன்னோமே அதுபோல. சந்தையில் இதை இன்னும் சுருக்கி 'தா' என்று மட்டும் சொல்வார்கள். கால் வீசைக்கு 'அசெய்த்தா', 408 கிராம். அரை வீசைக்கு 'ஙாஸெதா', ஐம்பது தா என்று பொருள், 816 கிராம். 'தஸெதா' பத்து தா, 163 கிராம், பச்சை மிளகாய் இஞ்சி வாங்க இது போதும். அப்போது அரைக் கிலோ வேண்டுமென்றால்? முப்பது தா கேளுங்கள், 'தோன்ஸெதா'. 490 கிராம் வரும். என் அத்தை மகன் இப்போது இதைத்தான் கேட்கிறான், கடைக்காரரும் சிரித்துக்கொண்டே போடுகிறார்.

மனக்கணக்குக்கு ஒரு சுருக்கு வழி. வீசையைக் கிலோவாக்க, இருப்பதோடு அதன் பாதியையும் பத்தில் ஒன்றையும் கூட்டுங்கள். 5 வீசை என்றால் ஐந்து, இரண்டரை, அரை, மொத்தம் எட்டு. உண்மையில் 8.16, மளிகைக்கு இந்தப் பிசகு பரவாயில்லை. கிலோவை வீசையாக்க ஆறால் பெருக்கிப் பத்தால் வகுத்தால் போதும். மொத்த வியாபாரத்துக்கு மட்டும் இந்தச் சுருக்கு ஆகாது, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

தராசைக் கவனிக்கவும் பழகுங்கள். பொருள் வைப்பதற்கு முன்னாலேயே முள் பூஜ்ஜியத்தைத் தாண்டி நிற்கிறதா என்று பாருங்கள். நின்றால் அதற்குத் தமிழ்ப் பாடப்புத்தகத்தில் சுழிப்பிழை என்று பெயர், சந்தையில் அதற்கு வேறு பெயர்கள் உண்டு, எழுத முடியாது. கிராமத்துச் சந்தைகளில் டார்ச் பேட்டரிக் கட்டைகளைப் படிக்கல்லாக வைத்து நிறுப்பதைப் பார்த்தால் பதறவேண்டாம். இரண்டு தட்டிலும் மாற்றி மாற்றி வைத்து, இது இத்தனை தா என்று ஊரே ஒத்துக்கொண்ட பேட்டரிகள் அவை. அலகு என்பதே இப்படி ஒத்துக்கொள்வதுதானே. கிலோகிராமே 2019 மே மாதம் வரைக்கும் பாரிஸ் பக்கத்தில் பூட்டி வைத்திருந்த ஓர் உலோக உருளையைத்தான் நம்பியிருந்தது, அதன் பிறகுதான் பிளாங்க் மாறிலி என்ற எண்ணை வைத்து வரையறுத்தார்கள்.

அடுத்தது இடத்தை அளப்பது

அரிசிக் கடையில் காதில் 'தின்' என்று விழும், உங்களைச் சாப்பிடச் சொல்கிறார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். தின் என்பது கூடை, ஆங்கிலக் கணக்கில் 9 கேலன், சுமார் 41 லிட்டர் இடம். அதில் பதினாறில் ஒரு பங்கு 'ப்யி'. ஒரு ப்யிக்கு எட்டு 'நொஸிபூ', அதாவது பால் டப்பா, டீக்கடையில் காலியாகும் கெட்டிப்பால் டப்பாவேதான். நம்மூரில் எட்டு ஆழாக்கு ஒரு படி என்று படித்தோமே, அதே ஏணி, படிகளின் பெயர்தான் வேறு. எங்கள் வீட்டில் இன்றைக்கும் உலைக்கு அரிசி அளப்பது பால் டப்பாவில்தான். ஒரு டப்பா அரிசி 260 கிராமை ஒட்டி வரும், மூன்று பேருக்கு இரண்டு டப்பா போட்டால் மறுநாள் காலைக்குப் பழையதும் மிஞ்சும்.

இங்கேதான் பள்ளிக்கூடத்தில் படித்த அடர்த்தி என்ற சொல் எனக்கு உண்மையில் புரிந்தது. பத்தாம் வகுப்பில் நிறையைக் கன அளவால் வகுத்தால் அடர்த்தி என்று மனப்பாடம் செய்து மதிப்பெண் வாங்கினேன், ஒன்றும் விளங்கவில்லை. அப்புறம் மண்டியில் கணக்குப் பிள்ளையாக உட்கார்ந்த முதல் வாரம் பெரியவர் ஒருவர் கேட்டார்: "தம்பி, நெல் ஒரு கூடை எவ்வளவு?" 46 பவுண்டு என்றேன். "அரிசி ஒரு கூடை?" 75 பவுண்டு. "கூடை மாறிச்சா?" மாறவில்லை. "அப்ப என்னடா மாறிச்சு?" என்று கேட்டுவிட்டுப் பேசாமல் வெற்றிலை மடிக்க ஆரம்பித்துவிட்டார். நெல்லில் உமி இருக்கிறது, உமிக்கும் மணிக்கும் நடுவே காற்று இருக்கிறது, அதனால் அதே கூடைக்குள் கனம் குறைவாக ஏறுகிறது. தோலோடு நிலக்கடலை போட்டால் 25 பவுண்டுதான். எள் 54. அதே கூடையில் தண்ணீரை நிரப்ப முடிந்தால் 90 பவுண்டு இருக்கும், ஒரு கேலன் தண்ணீர் 10 பவுண்டு என்பதால். இப்போது ஒவ்வொன்றையும் 90-ஆல் வகுத்துப் பாருங்கள், நெல்லுக்கு 0.51, அரிசிக்கு 0.83, கடலைக்கு 0.28. ஒப்படர்த்தி என்று புத்தகத்தில் பயமுறுத்தும் சொல் இவ்வளவுதான், தண்ணீரோடு ஒப்பிட்டால் எத்தனை பங்கு. மணிகளுக்கு நடுவே இருக்கும் காற்றையும் சேர்த்த கணக்கு இது, தனி ஓர் அரிசி மணி தண்ணீரில் முழுகித்தான் போகும்.

அதனால் 'நூறு கூடை' என்று யாராவது சொன்னால் எதன் கூடை என்று கேட்காமல் லாரி பேசாதீர்கள். நூறு கூடை நெல் இரண்டு டன், நூறு கூடை அரிசி மூன்றரை டன் பக்கம். அரிசி மூட்டை என்றால் 24 ப்யி பிடிக்கும், ஐம்பது கிலோவை ஒட்டி வரும், ஒரு கிலோ முன்னே பின்னே இருக்கலாம், அரிசி ரகத்துக்கும் அளப்பவர் கைக்கும் ஏற்றபடி. தலை தட்டி அளப்பதா, கோபுரமாகக் குவித்து அளப்பதா என்பதிலும் ஒரு கைப்பிடி போய்விடும். இடத்தை அளக்கும் எல்லா அளவைக்கும் இந்த நோய் உண்டு. எடைக்கு இல்லை. சந்தேகம் வந்தால் எடை போடச் சொல்லுங்கள்.

வீசையும் விசையும்

ஞாயிற்றுக்கிழமை தெருப் பிள்ளைகள் சிலருக்கு வீட்டில் கணக்கும் அறிவியலும் சொல்லித் தருகிறேன். அவர்கள் பள்ளியில் படிப்பது பர்மிய மொழியில், தமிழில் பாடம் கேட்பது கைபேசி காணொளிகளில். அதில் தமிழ்நாட்டுக்காரர் ஒன்று சொல்வார், இலங்கைக்காரர் வேறு சொல்வார். தமிழ்நாட்டுப் புத்தகத்தில் ஒரு பொருளில் எவ்வளவு சரக்கு இருக்கிறது என்பதற்கு நிறை என்று பெயர், பூமி அதைக் கீழே இழுக்கும் அளவுக்கு எடை. இலங்கைப் புத்தகத்தில் முதலாவது திணிவு, இரண்டாவது நிறை! ஆக, நிறை என்ற ஒரே சொல் இரண்டு கரையிலும் இரண்டு பொருள். தமிழ்நாட்டு முடுக்கம் அங்கே ஆர்முடுகல். யார் பேசுகிறார் என்று பார்க்காமல் இரண்டு காணொளியையும் கலந்து படித்த பையன் ஒருவன் என்னிடம் வந்து, "மாமா, நிறைக்கு அலகு கிலோகிராமா நியூட்டனா, ரெண்டு பேரும் ரெண்டு சொல்றாங்க" என்று அழாத குறையாகக் கேட்டான். ரெண்டு பேரும் சரிதான்டா என்றால் நம்பவில்லை.

சொல்லை விட்டுவிட்டு அலகைப் பிடியுங்கள் என்பதுதான் இதற்கு நான் சொல்லும் வழி. கிலோகிராம், வீசை, பவுண்டு என்று வந்தால் சரக்கின் அளவு. நியூட்டன் என்று வந்தால் இழுப்பு, அதாவது விசை. குறில் போட்டால் விசை, நெடில் போட்டால் வீசை, பிள்ளைகளுக்கு இது மறக்காது. ஒரு வீசைப் பொருளைப் பூமி சுமார் 16 நியூட்டன் விசையோடு இழுக்கிறது. சந்தையிலேயே இதைக் காட்டலாம். இரண்டு தட்டுத் தராசு ஒரு பக்கத்து இழுப்பை இன்னொரு பக்கத்து இழுப்போடு ஒப்பிடுகிறது, அதை நிலாவுக்கே கொண்டுபோனாலும் ஒரு வீசை வெங்காயம் ஒரு வீசைதான். கொக்கியில் மாட்டும் சுருள்வில் தராசு இழுப்பை நேராக அளக்கிறது, நிலாவில் ஆறில் ஒரு பங்குதான் காட்டும். நிலாவில் வெங்காயம் விற்பவர் எந்தத் தராசு வைத்திருப்பார் என்று கேட்டால் பிள்ளைகள் ஒரே குரலில் பதில் சொல்கிறார்கள்.

துல்லியம், நுட்பம் என்ற இரண்டையும் இப்படித்தான் பிரித்துக் காட்டுவேன். சுழிப்பிழை உள்ள மின்தராசில் ஒரே பொருளைப் பத்துத் தடவை வைத்தால் பத்துத் தடவையும் ஒரே எண் வரும், ஆனால் தப்பான எண். அதில் நுட்பம் இருக்கிறது, துல்லியம் இல்லை.

நீளம், நிலம், சாலை

இது சுலபம், சீக்கிரம் முடிக்கிறேன். அங்குலத்துக்கு 'லெட்மா', பர்மிய மொழியில் கட்டைவிரலுக்கும் இதே பெயர். சாணுக்கு 'த்வா', முழத்துக்கு 'தௌங்', இரண்டு சாண் ஒரு முழம், நான்கு முழம் ஒரு 'லான்', நம்மூரில் பாகம் என்பது. அடிக்குப் 'பே'. வீட்டு மனை 40 அடிக்கு 60 அடி என்று விளம்பரம் செய்வார்கள், பெருக்கினால் 2,400 சதுர அடி, சென்னைக்காரர்களுக்கு ஒரு கிரவுண்டு என்றால் சட்டென்று புரியும். வயல் என்றால் ஏக்கர், அதில் மாற்றம் இல்லை.

சாலையில்தான் கூத்து. ஜப்பானிலிருந்து வந்த காரில் வேகம் கிலோமீட்டரில் காட்டும், யாங்கோன் மண்டலே நெடுஞ்சாலையில் கல் நட்டிருப்பது மைலிலும் பர்லாங்கிலும். 123/4 என்று எழுதியிருந்தால் 123 மைல் 4 பர்லாங், எட்டு பர்லாங் ஒரு மைல். பின்னம் என்று நினைத்து வகுக்க ஆரம்பித்துவிடாதீர்கள், வண்டி நின்றுவிட்டது என்று உதவிக்கு ஆள் கூப்பிடும்போது இந்த எண்ணை அப்படியே சொல்ல வேண்டியிருக்கும்.

நகைக்கடை

ஒரு ஜத்தா தங்கத்துக்கு 16 'பெ', ஒரு பெவுக்கு 8 'யுவே'. யுவே என்பது விதையிலிருந்து பிறந்த அளவு, நம் குன்றிமணிக் கணக்குக்கு ஒன்றுவிட்ட தம்பி. ஒரு பெ ஒரு கிராமுக்குக் கொஞ்சம் மேல், அரை ஜத்தா 8.16 கிராம், அதாவது நம் பவுனைவிட நூலளவு கூடுதல். இதுவரை சரி. ஆனால் தங்கத்தின் மாற்றையும் இதே பெவில்தான் சொல்வார்கள், 16 பெ என்றால் கலப்பில்லாத தங்கம். கடையில் "15 பெ" என்று சொன்னால் அது எடையா மாற்றா என்று கேட்டுத் தெளிந்த பிறகு பேரம் பேசுங்கள். ஒரே மூச்சில் இரண்டையும் சொல்வார்கள், ஏமாற்றுவதற்காக இல்லை, அவர்களுக்கு அது பழக்கம். அடிக்குச் சொல்லும் பே நெடில், இது குறில், பயறுக்கும் இதே குறில் பெதான், பருப்பு மண்டியில் இருந்துகொண்டு நகைக்கடையிலும் அதே சொல்லைக் கேட்கும்போது எனக்கே சில நாள் சிரிப்பு வரும்.

மருந்துச் சீட்டு

இதில் மட்டும் சிரிக்க ஒன்றுமில்லை. மில்லிகிராம் என்பது கிராமில் ஆயிரத்தில் ஒன்று, மைக்ரோகிராம் என்பது மில்லிகிராமில் ஆயிரத்தில் ஒன்று. எழுத்தில் ஒரு துளிதான் வித்தியாசம், மருந்தில் ஆயிரம் மடங்கு. தைராய்டு மாத்திரை மைக்ரோகிராமில்தான் வரும், ஊர்ச் சீட்டை இங்கே காட்டி வாங்கும்போது எண்ணோடு அலகையும் விரல் வைத்துக் காட்டுங்கள். சிசி என்றாலும் மில்லிலிட்டர் என்றாலும் ஒன்றுதான். காய்ச்சலைச் சிலர் பாரன்ஹீட்டில் சொல்வார்கள், 98.6 என்பது 37 செல்சியஸ், 100.4 என்பது 38.

எண்களைச் சொல்லும் வரிசை

பர்மியர் லட்சத்தை லட்சமாகவே எண்ணுகிறார்கள், 'தெய்ன்' என்று பெயர், நமக்கு இது பெரிய சௌகரியம். பத்து லட்சத்துக்குத் 'தான்' என்று தனிப் பெயர், கோடிக்கு 'கடே', நம் கோடியும் அதுவும் ஒரே வேர். பத்தாயிரத்துக்கும் தனிச் சொல் உண்டு, அது ஆயிரத்தின் சொல்லைப் போலவே காதில் விழும், எனவே பெரிய தொகையை எழுதிக் காட்டச் சொல்லிவிடுங்கள். எல்லாவற்றையும்விட வரிசைதான் முக்கியம். ஐந்து லட்சம் என்றால் 'ஙா தெய்ன்', ஐந்து முன்னால். ஐம்பது லட்சம் என்றால் 'தெய்ன் ஙாஸெ', லட்சம் முன்னால் வந்துவிடும். முழுப் பத்துகளுக்கும் நூறுகளுக்கும் இப்படித்தான். தெய்ன் முதலில் காதில் விழுந்தால் தொகை பெரியது, வாடகை பேசும்போது இது கைகொடுக்கும்.

இனி மொத்த வியாபாரம். ஒரு மெட்ரிக் டன்னில் 612.4 வீசை. மளிகைக்குச் சொன்ன சுருக்கு வழியில் போட்டால் 600 வரும், ஒரு டன்னுக்குப் பன்னிரண்டு வீசை காணாமல் போகும், அது இருபது கிலோ. என் அத்தை மகன் இங்கே ஒரு பருப்பு ஏற்றுமதி அலுவலகத்தில்தான் சேர்ந்தான். முதல் மாதமே தூத்துக்குடி வாங்குபவருக்கு உளுந்து விலை அனுப்பும்போது வீசை விலையை 600-ஆல் பெருக்கி டன் விலையாகப் போட்டுவிட்டான், 24 டன் சரக்கு. கிட்டத்தட்ட அரை டன் உளுந்தின் காசு அந்த ஒரு பெருக்கலில் பறந்துபோயிருக்கும். நல்லவேளையாகக் கடிதம் கிளம்புவதற்கு முன் பக்கத்து மேசை அண்ணன் ஒருவர் எட்டிப் பார்த்து, "612 புள்ளி 4, எழுதி ஒட்டு" என்றார். கணினித் திரையின் ஓரத்தில் மஞ்சள் சீட்டு இன்னும் ஒட்டியிருக்கிறது, அதற்குக் கீழே வேறு கையெழுத்தில் யாரோ 'ஆட்டுக்கறி 30 தா' என்றும் எழுதி வைத்திருக்கிறார்கள்.